ஹங்கேரிக்காரரின் பெட்டிகள்

“பெட்டி தூக்குததுக்கு எதுக்கு பி.காம்.? அதுக்குத்தான் நான் ஒருத்தன் இருக்கம்லா?”

அல் குசைஸ் சிக்னலில் நின்ற வேனுக்குள் அப்பா இதைக் கேட்டார். கோபம் இல்லை. நிஜமாகவே புரியாமல் கேட்டார். பச்சை விழுந்து பின்னால் வந்த வண்டிக்காரன் ஹாரன் அடித்த பிறகும் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அப்பா துபாயில் படப்பிடிப்புக் கருவிகளை வாடகைக்கு விடும் ஒரு கம்பெனியில் டிரைவர். கேமரா, லென்ஸ், விளக்கு, கேமரா ஓடுவதற்கான தண்டவாளம் எல்லாம் கறுப்புப் பெட்டிகளில் இருக்கும். வேனில் ஏற்றுவதும் அவர்தான், பாலைவனத்திலோ கடற்கரையிலோ இறக்குவதும் அவர்தான். பெட்டிக்குள் என்ன இருக்கிறது என்று அவரிடம் யாரும் சொன்னதில்லை. கனத்தை வைத்து அவரே தெரிந்துகொள்வார்.

எங்கள் வீட்டில் அப்பா பக்கமும் சரி, அம்மா பக்கமும் சரி, பள்ளிக்கூடத்தை முடித்தவள் நான் ஒருத்திதான். இதைச் சொல்லும்போது இப்போதும் எனக்குத் தலை கொஞ்சம் நிமிரும். அதை மறைக்க வேண்டும் என்று எனக்குத் தோன்றியதில்லை. தூத்துக்குடியில் பி.காம். முடித்ததும் அப்பா எனக்கு ஒரு விளம்பரப் படக் கம்பெனியில் ரிசப்ஷன் வேலை பிடித்துக்கொடுத்தார். அவருடைய கம்பெனியில்தான் இவர்கள் கருவி எடுப்பார்கள், அந்தப் பழக்கம். நான் அல் குசைஸில் பெண்கள் தங்கும் ஃபிளாட்டில் ஒரு கட்டிலுக்குக் குடியேறினேன். அப்பா இரண்டு தெரு தள்ளி கம்பெனி ரூமில் இருந்தார்.

படிப்பு என்றால் அப்பாவுக்கு ஒரே அர்த்தம்தான்: ஏசியில் நாற்காலி போட்டு உட்காருவது. எங்கள் ஆபீசுக்குச் சாமான் எடுக்க வரும்போதெல்லாம் கண்ணாடிக் கதவுக்கு வெளியே நின்று, நாற்காலியில் இருக்கும் என்னை ஒருமுறை பார்ப்பார். உள்ளே வரமாட்டார். “எம்மவ உக்காந்துதான் வேலை பாக்கா” என்று ரூமில் எல்லாரிடமும் சொல்லிவைத்திருந்தார். அப்படிப்பட்டவரிடம்தான் நான் அன்று, கேமராப் பெட்டிகளைப் பார்த்துக்கொள்ளும் அசிஸ்டெண்ட் வேலை காலியாகியிருக்கிறது, அதைக் கேட்கப்போகிறேன் என்று சொன்னேன்.

இந்த ஆசை எனக்கு வந்தது ஒரு பக்கத் தாளால்.

எங்கள் கம்பெனியில் ஒளிப்பதிவாளராக ஒரு ஹங்கேரிக்காரர் இருந்தார். உயரமானவர். வெயிலில் சிவந்து தோல் உரிந்த மூக்கு. நான் அப்பாவைக் கூப்பிடுவதைக் கேட்டுக் கேட்டு அவரும் என் அப்பாவை “அப்பா” என்றே கூப்பிடுவார். இத்தனைக்கும் அவருக்கு அப்பாவைவிட வயது அதிகம். “அந்த வெள்ளக்காரரு என்ன அப்பாங்காருட்டீ” என்று அப்பா கூச்சப்படுவார், ஆனால் திருத்தமாட்டார்.

கடலோரத்தில் கட்டப்போகும் ஒரு கோபுரத்துக்கு விளம்பரப் படம் எடுக்கும் வேலை வரும்போல இருந்தது. கட்டுகிறவர்களுக்கு ஒளிப்பதிவாளரைப் பற்றி ஒரு பக்கம் எழுதி அனுப்ப வேண்டும். தயாரிப்பாளர் லெபனான்காரர். எதைக் கேட்டாலும் ‘யல்லா’, அதாவது சீக்கிரம், என்று தொடங்கி ‘கலாஸ்’, அதாவது அவ்வளவுதான், என்று முடிப்பார். “யல்லா, நீ காலேஜ் படிச்சவதானே? ஒரு பக்கம். சாயங்காலத்துக்குள்ள. கலாஸ்.”

நான் ஹங்கேரிக்காரர் முன்னால் உட்கார்ந்தேன். என் ஆங்கிலம் புத்தக ஆங்கிலம், அவருடையது படப்பிடிப்பு ஆங்கிலம். இரண்டும் தடுக்கித் தடுக்கித்தான் போயின.

அவர் பிறந்தது ஓர் ஆற்றங்கரை ஊர். அவருடைய அப்பாவுக்குச் சர்க்கரை ஆலையில் வேலை. அங்கே கரும்பு கிடையாதாம், ஒரு கிழங்கிலிருந்துதான் சர்க்கரை எடுப்பார்களாம். கிழங்கு வரும் மாதங்களில் ஊரே இனிப்பாக அழுகி நாறும் என்று மூக்கைச் சுளித்துக் காட்டினார். அந்த நாற்றத்திலிருந்து தப்பத்தான் புடாபெஸ்டுக்குப் போனாராம், கலைக்காக இல்லையாம். அங்கே அரசாங்க ஸ்டுடியோவில் கேமராப் பெட்டிகளைத் தூக்கும் வேலை கிடைத்தது. பல வருடம் அதேதான். பிறகு இருட்டறையில் ஃபிலிமை விரலால் தடவிப் பெட்டியில் பொருத்தும் வேலை. அதற்குப் பிறகு, கேமராவுக்கும் நடிகரின் மூக்குக்கும் நடுவே டேப் பிடித்து அளந்து, அவர் நகர நகர ஃபோகஸைத் திருப்பும் வேலை. தலை நரைக்கத் தொடங்கியபோதுதான் ஒரு முழுப் படம் அவர் கைக்கு வந்தது. ஒரு ரொட்டிக் கடைக்குள்ளேயே நடக்கும் படம். அதற்கு அவர்கள் நாட்டில் ஒரு சின்னப் பரிசும் கிடைத்தது.

“அப்புறம் மேல மேலதானே?” என்றேன் எழுதிக்கொண்டே.

“அப்புறம் ஆட்சி மாறிச்சு. ஸ்டுடியோவுக்குக் காசு நின்னுது. வெளிநாட்டுக்காரங்க படம் எடுக்க வந்தாங்க, நான் அவங்க ஒளிப்பதிவாளருக்கு மறுபடி ஃபோகஸ் பார்த்தேன்.”

“பரிசு வாங்கின பிறகா? கீழே இறங்கிட்டீங்களா?”

“நான் இறங்கினேன். வீட்டு வாடகை இறங்கல.”

சிரித்தது நான்தான். அவர் சிரிக்கவில்லை. மேசையில் கிடந்த பேனாவை மூடித் திறந்துகொண்டே மிச்சத்தைச் சொன்னார். அதற்குப் பிறகு வந்தவை விளம்பரங்கள். பிறகு வளைகுடா. மணல்மேட்டில் கார், ஹோட்டல் கட்டில், சென்ட் பாட்டில். இப்போது கட்டிடங்கள், அதுவும் இன்னும் கட்டாத கட்டிடங்கள். மனைவி புடாபெஸ்டிலேயே இருந்தார். இங்கே வெயிலைத் தவிர என்ன இருக்கிறது என்று போனில் கேட்பாராம். “அதுதான் இருக்குன்னு சொல்வேன்” என்றார்.

எல்லாவற்றையும் எழுதிக் கொண்டுபோனேன். தயாரிப்பாளர் பெட்டி தூக்கிய காலம், டேப் பிடித்த காலம், திரும்ப இறங்கிய காலம் எல்லாவற்றின்மேலும் ஒரே கோடாக இழுத்தார். “ஹபீபி, பரிசை எழுது. பெட்டி தூக்கினவனுக்கு எவன் கோபுரத்தைக் கொடுப்பான்?”

மிச்சமிருந்ததை டைப் செய்து ஹங்கேரிக்காரரிடம் காட்டப்போனேன். அவர் அப்போது ஸ்டுடியோவில் அந்தக் கோபுரத்தின் மாதிரியை வைத்துச் சோதனைப் படம் எடுத்துக்கொண்டிருந்தார். மேசைமேல் என் இடுப்புயரத்தில் அட்டையும் பிளாஸ்டிக்குமாக ஒரு கோபுரம், காலடியில் விரல் நீளப் பேரீச்சை மரங்கள். தாளைப் படித்துவிட்டு, “இதுல நான் நாப்பது வயசுல பொறந்த மாதிரி இருக்கே” என்றார். தயாரிப்பாளர் சொன்னதைச் சொன்னேன். பேனாவை வாங்கி, மேலே ஒரே ஒரு வரி எழுதினார்: தொடக்கத்தில் கேமராப் பெட்டிகளுக்குப் பொறுப்பாளர்.

பிறகு, வந்ததற்கு இதையும் பார்த்துவிட்டுப் போ என்பதுபோல் கேமராவைக் காட்டினார். கண்ணை வைத்தேன். மேசை இல்லை, அட்டை இல்லை. மாலை வெயில் ஒரு பெரிய கட்டிடத்தின் பக்கவாட்டில் சரிந்துகொண்டிருந்தது. பேரீச்சைகளின் நிழல் தரையில் நீண்டிருந்தது. கண்ணை எடுத்தால் பிளாஸ்டிக், வைத்தால் மாலை. எடுத்து எடுத்து வைத்துப் பார்த்தேன். நாற்காலிக்குத் திரும்பிய பிறகும் என் மனசு அங்கேதான் நின்றது.

அந்த வரியும் என்னை விடவில்லை. அப்பாவும் பெட்டிகளைத்தான் தூக்கினார், என் நினைவு தெரிந்த நாளிலிருந்து. ஆனால் பொறுப்பாளர் என்று அவரை யாரும் எழுதியதில்லை. தூக்குவது ஒன்று, பொறுப்பு ஒன்று என்று அன்றைக்குத்தான் எனக்குத் தோன்றியது. இரண்டுக்கும் நடுவே என்ன இருக்கிறது என்று பார்க்க ஆசைப்பட்டேன்.

கோபுர வேலை எங்களுக்கே கிடைத்தது. அதே வாரம் பெட்டிகளைப் பார்த்துக்கொண்டிருந்த பம்பாய்ப் பையன் கல்யாணத்துக்கு ஊருக்குப் போனான், திரும்பி வரமாட்டேன் என்று சொல்லியனுப்பிவிட்டான். நான் கேட்கப்போகிறேன் என்று தெரிந்ததும் முதலில் சிரித்தவர் ஃபோகஸ் பார்க்கும் மலையாளி. அவரைச் சேட்டன் என்போம்.

“மோளே, மருபூமியில பாத்ரூம் எவிடெயுண்டு? ஒட்டகத்தின்ட பின்னிலா?” மருபூமி என்றால் அவர் பாஷையில் பாலைவனம்.

“ஒட்டகம் ஒங்கள மறைச்சா என்னையும் மறைக்கும் சேட்டா.”

சேட்டனை வாயடைக்க முடிந்தது. அப்பாவை முடியவில்லை. அந்தச் சிக்னல் பேச்சுக்குப் பிறகு அவர் என்னோடு பேசுவதைக் குறைத்துக்கொண்டார். அவர் சம்மதிக்காமல் நான் கேட்பதாகவும் இல்லை. அப்பாவை மீறி வந்தாள் என்ற பேரோடு அந்த வேலைக்குள் போக எனக்கு விருப்பமில்லை.

ஆகஸ்ட் மாதம், கடற்கரையில் விடியற்காலைப் படப்பிடிப்பு. கோபுரம் எழும்பப்போகும் இடத்துக்குப் பின்னால் சூரியன் வருவதை எடுக்க வேண்டும். கோபுரத்தைப் பிறகு கம்ப்யூட்டரில் சேர்ப்பார்கள். ஆள் போதாததால் என்னையும் தண்ணீர் பாட்டில்களோடும் சாப்பாட்டோடும் அனுப்பினார்கள்.

ஆகஸ்டில் துபாய்க் கடற்கரை எப்படி இருக்கும் என்று அங்கே இருந்தவர்களுக்குத் தெரியும். ஏசி பஸ்ஸிலிருந்து இறங்கினால் மூக்குக்கண்ணாடி வெள்ளையாகிவிடும், கொஞ்ச நேரம் குருடாக நிற்க வேண்டும். அன்று சேட்டன் லென்ஸ் பெட்டியைத் திறந்ததும் லென்ஸுக்கும் அதேதான் ஆனது. கண்ணாடி முழுக்கப் பால் ஊற்றியதுபோல் மூடிக்கொண்டது. துடைத்தார். மறுபடி மூடியது. அடுத்த லென்ஸ், அதற்கடுத்த லென்ஸ், கேமராவின் உள்கண்ணாடி வரை எல்லாம் வெள்ளை. கிழக்கே வெளுக்கத் தொடங்கிவிட்டது.

“அப்பா, பெட்டி ராத்திரி எங்க இருந்திச்சு?” என்று சேட்டன் கேட்டார். ஹங்கேரிக்காரரைப் பார்த்து எல்லாருமே அவரை அப்படித்தான் கூப்பிட்டார்கள்.

“ரூம்லதான். எங் கட்டிலுக்குப் பக்கத்துல, ஏசிக்கு நேரா வச்சிருந்தேன்.” அப்பா கொஞ்சம் பெருமையாகத்தான் சொன்னார். “வேன்ல கெடந்தா வெந்து போவும்லா?”

அவர் யோசித்ததில் பாதி சரி. ஃபிலிம் சுருள் சூட்டில் கெட்டுப்போகும், அதைக் குளிரில்தான் வைக்க வேண்டும். பம்பாய்ப் பையன் ஃபிலிமைத் தனியாக வாங்கிக் குளிர்பெட்டியில் வைத்துக்கொள்வான், லென்ஸையும் கேமராவையும் ஏசி போடாத வேனிலேயே விட்டுவைப்பான். வெளிக்காற்றின் சூட்டுக்கு அவை பழகியிருக்க வேண்டும். அவன் போன பிறகு இதை யாரும் அப்பாவிடம் சொல்லவில்லை. டிரைவரிடம் எதற்குச் சொல்ல வேண்டும்? சுருளைக் குளிரில் வைப்பதைப் பார்த்திருந்த அப்பா, மொத்தப் பெட்டிகளையும் மாடியேற்றி, ரூமில் இருந்தவர்களிடம் திட்டு வாங்கிக்கொண்டு, தான் வெறுந்தரையில் படுத்து, அவற்றைக் குளிரவைத்திருக்கிறார்.

சூரியன் வந்தது. யாருக்காகவும் நிற்காமல் மேலே போனது. கட்டிடக் கம்பெனியிலிருந்து வந்திருந்த ஆள் தயாரிப்பாளரைப் பார்த்துக் கத்தினார். தயாரிப்பாளர் அப்பாவைப் பார்த்துக் கத்தினார், பாதி அரபு, பாதி இந்தி. “க்யா கியா தும்? முக் மாஃபி?” என்ன செய்துவைத்தாய், மூளை இல்லையா என்று அர்த்தம். அப்பா கைகளை எங்கே வைப்பதென்று தெரியாமல், ஒரு காலிப் பெட்டியின் பூட்டைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தார். “நல்லதுக்குத்தான் சார் செஞ்சேன்” என்று தமிழில் சொன்னார். அங்கே சேட்டனையும் என்னையும் தவிர யாருக்கும் அது புரியவில்லை. நான் பார்க்கிறேன் என்பது அவருக்குத் தெரியும். அதனால் என் பக்கம் திரும்பவே இல்லை.

ஹங்கேரிக்காரர் அதுவரை சூரியனைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு திரும்பி, ரொம்பச் சாதாரணமாகக் கேட்டார்: “பெட்டிகள் யார் பொறுப்பு?”

தயாரிப்பாளர் சேட்டனைப் பார்த்தார், சேட்டன் கையிலிருந்த லென்ஸைப் பார்த்தார்.

“ஆளே போடலைன்னா அப்பாவை ஏன் கேக்கிறீங்க? வண்டி சரியான நேரத்துக்கு வந்துது. அது அவர் வேலை.”

தயாரிப்பாளர், பம்பாயிலிருந்து ஆள் வரவழைக்கிறேன் என்றார். எப்போது என்று ஹங்கேரிக்காரர் கேட்டார். நாளைக்கு விடியற்காலை மறுபடி எடுத்தாக வேண்டும்.

“நாளைக்கு என் பொறுப்பு,” என்றேன். ஆங்கிலத்தில்தான் சொன்னேன். அப்பாவின் சம்மதத்துக்குக் காத்திருப்பது என்று நானே வைத்திருந்த கணக்கு அந்த இடத்தில் எனக்கு ஞாபகம் வரவில்லை. ஞாபகம் வந்தபோது எல்லாரும் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள், அப்பாவும்.

ஹங்கேரிக்காரர் தலையாட்டினார். பாராட்டெல்லாம் இல்லை. “ஏசி கூடாது,” என்றார், அவ்வளவுதான்.

அன்று சாயங்காலம் அப்பாவின் ரூமுக்குக் கீழே, வேன் நிற்கும் இடத்துக்குப் போனேன். பின்கதவைத் திறந்துவைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

“என்னைய அந்தப் பேச்சுப் பேசுனது போதாதா? நாளைக்கு ஒன்னையும் பேசணுமா?” என்றார்.

பெட்டியின் கனமும் பி.காமும் அவருக்கு ஒரு பொருட்டில்லை, யாரும் கத்த முடியாத இடத்தில் நான் உட்கார்ந்திருக்க வேண்டும் என்பதுதான் அவர் கணக்கு என்று எனக்கு அப்போதுதான் தெரிந்தது. கண்ணாடிக் கதவுக்கு வெளியே நின்று அவர் பார்த்தது அதைத்தான்.

“பேசுவாங்கப்பா. நான் திருப்பிப் பேசுவேன்.”

“என்னத்தப் பேசுவ?”

“எனக்கு யாரும் சொல்லித் தரல, நீங்க ஆள் போடல, தப்பு ஒங்களுதுன்னு சொல்லுவேன். அவங்களுக்குப் புரியுத மாதிரியே சொல்லுவேன். நல்லதுக்குத்தான் செஞ்சேன்னு நீங்க தமிழ்ல சொன்னியள்லா, அதையும் சேத்து. அதுக்குத்தான படிக்க வச்சிய?”

அப்பா எழுந்து, பகலில் பத்திரத்துக்காக ரூமில் ஏற்றிவைத்திருந்த பெட்டிகளை மேலிருந்து இறக்கத் தொடங்கினார். நானும் ஏறிப்போய் ஒன்றைத் தூக்கினேன். “அது கனம், வையிட்டீ” என்றார். வைக்கவில்லை. மாடிப்படி முழுக்க, “சொவத்துல இடிக்காத, சொவத்துல இடிக்காத” என்று பின்னாலேயே வந்தார். ஃபிலிம் சுருளை மட்டும் தனியாகப் பிரித்துக் குளிர்பெட்டியில் வைத்தேன். மற்றதெல்லாம் வேனுக்குப் போயின.

மறுநாள் கிளம்பும்போது நான் வேனில் ஏறி ஏசி ஸ்விட்சைப் பார்த்தேன். ஏற்கெனவே அணைத்திருந்தது. நான்கு கண்ணாடிகளையும் இறக்கிவிட்டிருந்தார். கடற்கரை வரை ஈரக்காற்று எங்கள் மேல் அடித்துக்கொண்டே வந்தது. அப்பாவின் சட்டை முதுகோடு ஒட்டிவிட்டது, என் துப்பட்டாவைப் பிழிந்தால் தண்ணீர் வரும்போல் இருந்தது. பாதி வழியில் அவர், “இப்பம் அதுக்குச் சூடு பழகியிருக்கும், என்ன?” என்றார். “பழகியிருக்கும்ப்பா” என்றேன்.

சேட்டன் பெட்டியைத் திறந்தார். லென்ஸைத் தூக்கி வானத்துக்கு எதிராகப் பிடித்துப் பார்த்தார். கண்ணாடியில் ஒரு புள்ளிகூட இல்லை. அதை வாங்கி ஹங்கேரிக்காரர் கையில் கொடுத்தது நான். அவர் வாங்கிக்கொண்டு வேலையைப் பார்க்கப் போய்விட்டார். சூரியன் வந்தபோது எல்லாரும் கிழக்கே பார்த்தார்கள், அப்பாவைத் தவிர. அவர் வேன் பக்கத்தில் நின்று என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார், ஆபீஸ் வாசலில் நின்று பார்ப்பதுபோலவே.

பம்பாயிலிருந்து ஆள் வரவழைக்கும் பேச்சு அதோடு நின்றது. ரிசப்ஷனுக்கு வேறு ஒரு பெண் வந்தாள்.

அந்தக் கோபுரம் எழும்பவே இல்லை. 2008 முடியும்போது கட்டிடங்கள் நின்றன, விளம்பரங்களும் நின்றன. கிரேன்கள் அசையாமல் நின்ற அந்த மாதங்களில் ஹங்கேரிக்காரர் ஊர் திரும்பினார். வழியனுப்பப் போனபோது, அங்கே போய் என்ன செய்வீர்கள் என்று கேட்டேன். இளைஞன் ஒருவன் முதல் படம் எடுக்கிறான், சம்பளம் கிடையாது, குளிர்காலம், வெளிச்சமும் கிடையாது என்றார். சந்தோஷமாகச் சொன்னதுபோல்தான் இருந்தது. அவர் எடுத்த எத்தனையோ கட்டிடங்கள் படத்தில் மட்டும்தான் இருக்கின்றன. அது அவருக்கு வருத்தமா என்று நான் கேட்கவில்லை. அந்த விடியற்காலை நிஜம். அதை அவர் எடுத்தார், அது போதும் என்று எனக்குத் தோன்றுகிறது.

எங்கள் கம்பெனியை மூடினார்கள். சேட்டன் கொச்சிக்குப் போனார். அப்பாவின் வாடகைக் கம்பெனி அபுதாபிப் பக்கம் முசஃபாவுக்கு மாறியது. வெல்டிங் பட்டறைகளுக்கும் கராஜ்களுக்கும் நடுவே ஒரு ஷெட். என்னையும் கேமரா பிரிவில் எடுத்துக்கொண்டார்கள். என் விவரத்தை ஒரு பக்கத்தில் எழுதிக் கேட்டார்கள். முதல் வரியில் பி.காம். போட்டேன், இரண்டாவது வரியில் கேமராப் பெட்டிகளுக்குப் பொறுப்பாளர் என்று போட்டேன். எதன்மேலும் யாரும் கோடு இழுக்கவில்லை.

போன வாரம் ஒரு மீன்பிடி ஆவணப் படத்துக்கு ஃபோகஸ் பார்க்க ஆள் கேட்டார்கள். டேப் பிடித்து அளக்கத் தெரியுமா, ஓடுகிற படகில் முடியுமா என்று போனில் கேட்ட குரலில் சந்தேகம் இருந்தது. முடியும் என்றேன். அன்றைக்கே கராஜ் தெருவில் ஒரு நல்ல டேப் வாங்கினேன். தினமும் ஷெட் வாசலில் அப்பாவை நிற்கவைத்து, முன்னும் பின்னும் நடக்கச் சொல்லி, கண்ணால் தூரம் சொல்லிப் பழகுகிறேன். “இன்னும் எத்தன தடவட்டீ நடக்கணும், எனக்குச் சம்பளம் உண்டுமா?” என்கிறார். நடக்கிறார்.

நாளைக் காலை படகு. லென்ஸ் பெட்டிகளை நானே தூக்கி வேனில் ஏற்றி, கண்ணாடிகளை இறக்கிவிட்டு வந்துவிட்டேன்.